தீவுக்காக நான் சொன்ன ஓம்

கோப்பி கருகுகிற மணம். பலெர்மோவின் பல்லரோச் சந்தைத் தெருவில் யாரோ ஒருவருடைய மேல்மாடி ஜன்னலிலிருந்து இறங்கி வந்தாலும், ஸ்தாசியோனே சென்ட்ராலே ரயில் நிலையத்துக்கு எதிரே இருக்கிற கோப்பிப் பாரிலிருந்து வந்தாலும், என் கை தானாக நீண்டு ஓர் அடுப்பைத் தேடுகிறது. அணைக்க. பிந்திப்போய் அணைக்க. மொக்காப் பாத்திரத்தின் அடியில் தண்ணீர் வற்றி, ரப்பர் வளையம் சுட்டு, கசப்பு எழும்பிச் சுவரெல்லாம் ஏறுகிற அந்த மணம் எனக்கு ஒரு சனிக்கிழமைக் காலையின் மணம்.

அந்தச் சமையலறை நான் வேலைசெய்கிற வீட்டு அம்மாவுடையது; அவரைச் சிஞ்ஞோரா என்பேன். ஓய்வுபெற்ற சரித்திர ஆசிரியை. காது மந்தம், நாக்கு மந்தமில்லை. குளிக்க வார்ப்பதும் குளிசை எடுத்துக் கொடுப்பதும் சந்தைக்குப் போய் வருவதும் என் வேலை. அவர் சொல்வதைக் கேட்டுக்கொண்டிருப்பது ஒப்பந்தத்தில் இல்லாத வேலை. அதைத்தான் நான் ஒழுங்காகச் செய்தேன் என்று நினைக்கிறேன். நான் வருவதற்கு முன்பிருந்தே அவர் ஒரு புத்தகம் எழுதிக்கொண்டிருந்தார். ஸ்பானிய அரசர்கள் இந்தச் சிசிலியை ஆண்ட காலத்தில், இந்தப் பலெர்மோவில் கூடிய பாராளுமன்றத்தில், தூரத்துச் சின்னத் தீவுகளுக்காக யார் பேசினார்கள் என்பது பற்றிய புத்தகம். அது முடியப்போவதில்லை என்று அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். முடியாத புத்தகம் இருக்கிற வீட்டில் வேலைசெய்வது எனக்குப் பிடித்திருந்தது. என்னுடைய மேசை லாச்சிக்குள்ளும் அப்படி இரண்டு மூன்று கிடக்கின்றன.

அன்றைக்கு அவர் பாண் துண்டைப் பாலில் தோய்த்தபடி சொன்னார்.

"பாராளுமன்றத்துக்கு மூன்று கைகள். ஆயர்களின் கை, பிரபுக்களின் கை, அரசனுக்கு நேரே உட்பட்ட நகரங்களின் கை. ஒரு குட்டித் தீவுக்கு இதில் எந்தக் கை தன்னுடையது, சொல்."

"ஒன்றுமில்லை."

"அதேதான். தீவை ஒரு பிரபு வைத்திருந்தால் பிரபு பேசுவான். ஓர் ஆயர் இருந்தால் ஆயர் பேசுவார். இல்லாவிட்டால் இந்த நகரத்தில் குடியிருக்கிற ஒரு வழக்கறிஞனுக்கு, ஒரு கனவானுக்கு, எங்களுக்காக நீ போய் இரு என்று அதிகாரம் கொடுத்துவிடுவார்கள். தூரத்து ஊர்கள் எல்லாமே அப்படித்தான் செய்தன. அவன் அந்தக் கரையைக் கண்ணால் கண்டிருக்க மாட்டான்."

"அவன் அங்கே என்ன பேசுவான்?"

சிஞ்ஞோரா சிரித்தார். பால் மேலுதட்டில் ஒட்டியிருந்தது. "பேசுவதா? ஆம் என்பான். அரசன் கேட்பதற்கு ஆம். வரி என்று சொல்லமாட்டார்கள், அரசனுக்குக் கொடை என்பார்கள். கொடைக்கு யார் இல்லை என்பது? ஆம் என்றுவிட்டு, மாலையில் நல்ல சட்டை போட்டுக்கொண்டு உலாவப் போவான்."

"தீவில் இருக்கிறவர்களிடம் ஒரு வார்த்தை கேட்டுவிட்டுச் சொல்லியிருக்கலாமே?"

"கடல் இருக்கிறதே. குளிர்காலக் கடல். கேட்டனுப்பிப் பதில் வருவதற்குள் மண்டபத்தைப் பூட்டிவிடுவார்கள். அதனால்தான் அவனைக் குற்றவாளி என்று என்னால் எழுத முடியவில்லை, எழுதாமல் விடவும் முடியவில்லை. அந்த அத்தியாயத்தில்தான் நிற்கிறேன். நீ என்ன நினைக்கிறாய்?"

மொக்கா கொதித்து, வற்றி, கருகத் தொடங்கியது. சிஞ்ஞோராவுக்குக் காது மந்தமே தவிர மூக்கு மந்தமில்லை. "கோப்பி! கோப்பி!" என்று மேசையில் தட்டினார். நான் அசையவில்லை. ஏனென்றால் இரண்டு நாளைக்கு முன், வியாழக்கிழமை, நானும் ஒரு தீவுக்காக ஆம், எங்கள் பேச்சில் ஓம், என்று சொல்லியிருந்தேன். எனக்கும் நான் கேட்டிருக்க வேண்டிய ஆளுக்கும் இடையில் கடல் இருக்கவில்லை.

*

பலெர்மோத் தமிழருக்கு ஒரு பாராளுமன்றம் உண்டு. அது வியாழக்கிழமைகளில் கூடும். அதற்குப் பெரிய காரணம் ஒன்றுமில்லை. வீட்டுவேலை செய்கிறவர்களுக்கு இந்த நாட்டில் வியாழன் பின்னேரம் ஓய்வு. சிஞ்ஞோராக்கள் விடுகிற நேரம்தான் எங்கள் ஜனநாயகத்தின் நேரம். கோயிலுக்குப் பின்னாலிருக்கிற வேதபாட அறையில், பிள்ளைகளின் குட்டிக் கதிரைகளில், முழங்கால் நாடிக்கு முட்ட இருந்துகொண்டு, மாதாவின் திருநாளை எப்படிக் கொண்டாடுவது என்று சண்டை பிடிப்போம். கொடியேற்றம், பிறகு நவநாள், பிறகு திருநாள். நவநாளின் ஒவ்வொரு நாளையும் ஓர் ஊர் எடுக்கும். பூ, பாட்டு, மன்றாட்டு எல்லாம் அந்த ஊரின் பொறுப்பு. ஊருக்கு ஒரு பிரதிநிதி. எங்கள் தீவுக்கு நான்.

நான் எப்படி வந்தேன் என்று கேட்டால், எனக்குக் கதைக்கத் தெரியும் என்று எல்லாரும் நம்பினார்கள். நான் பத்தொன்பது வயதில் தீவை விட்டு வந்தவன். அதற்குப் பிறகு தீவுக்கு நான் செய்ததெல்லாம் அதைப்பற்றி எழுதியதுதான். பவளக்கல் வேலிகளை எழுதினேன், உப்பங்காற்றை எழுதினேன், கிணற்றில் நல்ல தண்ணீர் ஊறுகிற ஒலியை எழுதினேன். ஒளிவிழாக்களில் அதை வாசிப்பேன். நகரத்தில் பிறந்து கடலைப் படத்தில் பார்த்தவர்கள்கூடக் கண்ணைத் துடைத்துக்கொள்வார்கள். அந்தக் கைதட்டலில் தீவாருக்கு ஒரு துளியும் போனதில்லை. இதை நான் முன்பும் அறிந்துதான் இருந்தேன். அறிந்துகொண்டே வாசித்தேன்.

எங்கள் நாள் ஐந்தாம் நாள். அன்றைக்கு எங்கள் தீவில் இருந்து வந்த ஒரு வழக்கம் உண்டு. மன்றாட்டு முடிந்ததும், கடல் கொண்டுபோனவர்களின் பெயர்களை ஒருவர் வாசிப்பார். அப்போது எல்லாரும் பீடத்துக்கு முதுகைக் காட்டி வாசல் பக்கம் திரும்பி நிற்போம். ஊரில் கோயில் வாசல் கடலைப் பார்த்து இருந்தது. கரையில் நின்று கூப்பிடுகிறமாதிரி ஒவ்வொரு பெயராகக் கூப்பிடுவார்கள். ஒவ்வொரு பெயருக்கும் சனம் "கரை சேர்" என்று சொல்லும். பலெர்மோவில் கோயில் வாசலுக்கு எதிரே ஸ்கூட்டர் திருத்துகிற கராஜ். நாங்கள் அந்தக் கராஜைப் பார்த்துக்கொண்டு "கரை சேர்" என்போம். கராஜ்காரப் பெடியன் எண்ணெய்க் கையோடு தொப்பியைக் கழற்றிவிட்டு நிற்பான்.

அந்தப் பெயர்களில் ஒன்று அக்காவின் மனிசனுடையது, கணவருடையது. போர்கோ வெக்கியோவில், சந்தைக்கு மேலே மூன்றாம் மாடியில் இருக்கிற அக்கா. இரத்த உறவில்லை, ஒரே தீவு, அவ்வளவுதான். சண்டைக் காலத்தில் மாவும் மண்ணெண்ணெயும் வாங்கப் பட்டினத்துக்குப் போன வள்ளம் திரும்பவில்லை. உடலும் வரவில்லை. கல்லறை இல்லை. நவம்பரில் இந்த நகரமே செவ்வந்திப் பூவைத் தூக்கிக்கொண்டு கல்லறைகளுக்குப் போகிற நாளில், அக்கா வேலைசெய்கிற சிஞ்ஞோரா ஒவ்வொரு வருஷமும் கேட்பாவாம், "நீ யாருக்கும் பூ வாங்கவில்லையா?" என்று. அக்காவுக்கு அந்த மனிசனின் பெயர் சத்தமாகச் சொல்லப்படுகிற இடம் உலகத்தில் ஒன்றே ஒன்று. ஐந்தாம் நாள், அந்த வாசல்.

ஆனால் தீவாரில் மிச்சம் மூன்று வீடுதான். மற்றவர்கள் லண்டனுக்கும் பாரிசுக்கும் ஏறிவிட்டார்கள். இந்தமுறை எங்கள் நாளைப் பிடுங்கப்போகிறார்கள் என்று கதை அடிபட்டது. அக்காவுக்கு வியாழன் ஓய்வு இல்லை; அவருடைய சிஞ்ஞோரா வியாழன் பின்னேரம்தான் சீட்டாடக் கூட்டாளிகளைக் கூப்பிடுவா. ஆகவே புதன்கிழமை, படிக்கட்டில் நின்று, மரக்கறிப் பையை ஒரு கையிலிருந்து மற்றக் கைக்கு மாற்றிக்கொண்டு எனக்குச் சொன்னார்.

"தம்பி, எங்கட நாள் எங்கட நாளாய் இருக்கோணும். அவ்வளவுதான் நீ சொல்லவேண்டியது. வேறை என்னவும் கேட்டினமெண்டா எனக்கு ஒருக்கால் போன் எடு. நான் சொல்லுறன்."

"ஓம் அக்கா. யோசிக்காதையுங்கோ."

"நான் யோசிக்கேல்லை. உனக்குக் கதைக்கத் தெரியும். அதுதான் எனக்குக் கொஞ்சம் பயம்."

சிரித்துக்கொண்டுதான் சொன்னார். நானும் சிரித்தேன்.

*

வியாழக்கிழமை. தலைவர் பல்லரோச் சந்தைக்குப் பக்கத்தில் கருவாடும் மிளகாய்த்தூளும் விற்கிற கடைக்காரர். நல்ல மனிசன். யாரையும் ஐசே என்றுதான் கூப்பிடுவார். அவர் கதையைத் தொடங்கினார்.

"இஞ்சை பாருங்கோ, ஒரு பிரச்சினை. எங்கட பெடியள் தமிழ் மன்றாட்டிலை நித்திரை கொள்ளுதுகள். அதுகளுக்கு ஒரு நாள் குடுப்பம். இத்தாலியனிலை பாடட்டும், கிற்றார் அடிக்கட்டும். அதுக்கு எங்கையோ ஒரு நாள் வேணும்."

பட்டினத்துப் பிரதிநிதி, வாயில் எப்போதும் ஒரு கராம்பு வைத்திருக்கிறவர், என் பக்கம் திரும்பினார். "தீவாருக்கு நாள் ஒண்டு, ஆள் மூண்டு. கேட்டாக் கோவம் வரும்."

சிரிப்பு. நானும் சிரித்தேன். அங்கேயே தொடங்கிவிட்டது.

"அதோடை," என்றார் அவர், "நீங்கள் சுவாமியாருக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நிக்கிறது அவருக்குப் பிடிக்கேல்லை. போன வருஷம் என்னட்டைக் கேட்டவர், அவையள் எல்லாரும் ஏன் வெளிக்கிடுகினம் எண்டு."

தலைவர் என்னைப் பார்த்தார். "எல்லாத் தீவையும் ஒரு நாளிலை சேர்ப்பம். தீவகநாள் எண்டு பேர் வைப்பம். கடலிலை மரித்த அனைவருக்காகவும் எண்டு ஒரு பெரிய மன்றாட்டு. வடிவா எழுதலாம், நீரே எழுதும். என்ன சொல்லுறீர், ஐசே கவிஞர்?"

நான் எழும்பினேன். கதைத்தேன். எங்கள் தீவைப்பற்றி, தூரத்தைப்பற்றி, கடைசி வள்ளம் போனபிறகு இறங்குதுறையில் மிஞ்சுகிற அமைதியைப்பற்றி. அறை அடங்கிப்போனது. கராம்புக்காரர்கூட மெல்லுவதை நிறுத்தினார். நான் கேட்க வேண்டியது ஒரு நாள். அதைக் கேட்பதற்குப் பதிலாக எல்லாத் தீவும் ஒரே கடலால் கட்டப்பட்டவை என்று சொல்லிவிட்டேன். வசனம் தன்பாட்டில் அந்தப் பக்கம் வளைந்தது; அழகாக வளைந்ததால் நான் தடுக்கவில்லை.

"அப்ப ஓமோ?" என்றார் தலைவர்.

எல்லாருடைய முகமும் என்னைப் பார்த்து மலர்ந்திருந்தது. நியாயமான மனிசன், பெருந்தன்மையான மனிசன் என்று பார்க்கப்படுகிற வெப்பம் எவ்வளவு இனிமையானது என்று அனுபவித்தவனுக்குத் தெரியும். போன் என் முன்னால் மேசையில் குப்புறக் கிடந்தது.

"ஓம்," என்றேன்.

கை தட்டினார்கள். வெளியே வந்து, சட்டைக் கொலரைச் சரிசெய்துகொண்டு, துறைமுகப் பக்கமாகக் காற்று வாங்க நடந்தேன். போர்கோ வெக்கியோவுக்குத் திரும்புகிற தெருவைத் தாண்டித்தான் நடந்தேன். திரும்பவில்லை. வெள்ளிக்கிழமையும் போகவில்லை. அந்தத் தெருவுக்கு வராத வேறு வழிகள் எனக்கு நிறைய ஞாபகம் வந்தன.

*

சனிக்கிழமை கோப்பி கருகியது. ஞாயிறு பூசைக்கு அக்கா வரவில்லை. பூசை முடிந்து போனேன்.

கதவு திறந்துதான் இருந்தது. கீழே சந்தையில் ஒருவன் கத்தரிக்காயைப் புகழ்ந்து கத்திக்கொண்டிருந்தான். அக்கா குசினி யன்னலடியில் நின்று மீன் கழுவிக்கொண்டிருந்தார். இரு என்று சொல்லவில்லை.

"அக்கா, வியாழக்கிழமை…"

"தெரியும். வெள்ளிக்கிழமையே தெரியும். தலைவரின்ர மனிசி போன் எடுத்து, 'நல்ல முடிவு அக்கா, உங்கட ஆள் எல்லாரையும் அழ வைச்சிட்டாராம்' எண்டவ. நான் கேட்டன், ஏன் அழுதவை, ஆர் செத்தது எண்டு."

"எல்லாத் தீவுக்கும் சேர்த்து ஒரு நாள் அக்கா. அதிலை உங்கட மனிசனுக்கும்…"

"ஏன் எனக்கு எடுக்கேல்லை?"

"நீங்கள் வேலையிலை நிப்பியள், சிஞ்ஞோரா ஏசுவா எண்டு…"

அக்கா மீனை வைத்துவிட்டுக் கையைத் துடைத்தார். கோபம் இல்லை. கோபம் இருந்திருந்தால் எனக்கு இலேசாக இருந்திருக்கும்.

"அண்டைக்கு நான் கழிவறையளை முதலே கழுவி முடிச்சுப்போட்டன். பிறகு மேல்மாடி யன்னலடியிலை நிண்டு கண்ணாடி துடைச்சனான். அந்த வீட்டிலை அங்கைதான் சிக்னல். துடைச்ச கண்ணாடியையே துடைச்சுக்கொண்டு நிண்டன். சீட்டு விளையாடுற கிழவியள், 'இவளுக்கு இண்டைக்கு என்ன, கண்ணாடி தேயப்போகுது' எண்டு சிரிச்சதுகள்."

நான் நிலத்தைப் பார்த்தேன். மீன் செதில் ஒன்று என் சப்பாத்தில் ஒட்டியிருந்தது.

"நீ சொன்னது பிழையெண்டு நான் சொல்ல வரேல்லை," என்றார். "பெடியளுக்கும் ஒரு நாள் வேணும்தானே. என்னைக் கேட்டிருந்தா நானும் ஓம் எண்டிருப்பனோ என்னவோ. இப்ப எனக்கே தெரியேல்லை. தெரியப் போறதுமில்லை. நீ சொன்னது உன்ர ஓம். என்ர ஓமை ஏன் எடுத்துச் சொன்னனீ?"

கீழே கத்தரிக்காய்க்காரன் இப்போது தக்காளிக்கு மாறியிருந்தான். அந்த முடிவை அழிக்கப் பார்க்கிறேன், நாளைக்கே தலைவரிடம் போகிறேன் என்று ஏதோ சொன்னேன். அக்கா மீனிடம் திரும்பிவிட்டார்.

*

தலைவரின் கடையில் கருவாட்டு மணமும் ஊதுபத்தி மணமும் ஒன்றாக நிற்கும். அவர் ஒரு நைஜீரியப் பெண்ணுக்கு இஞ்சி நிறுத்துக் கொடுத்துவிட்டு என்னைக் கவனித்தார்.

"அழிக்கிறதோ? ஐசே, நவநாள் தாளை அச்சுக்குக் குடுத்தாச்சு. நாளைக்கு இன்னொரு ஊர் வரும், எங்கட ஆள் நித்திரையிலை ஓம் எண்டவர், அதை எடுங்கோ எண்டு. பிறகு நவநாள் நடந்த மாதிரித்தான்."

"அப்ப அக்கா வந்து கதைக்கட்டும். வாற வியாழன்."

"வரலாம், இருக்கலாம், கேக்கலாம். கதைக்க ஏலாது. ஊருக்கு ஒரு வாய். அது நீர் எழுதின விதிதானே?"

உண்மைதான். போன வருஷம் கூட்டம் சந்தையாகிறது என்று சொல்லி, ஊருக்கு ஒருவர் மட்டுமே பேசலாம் என்று நான்தான் எழுதிக் கொடுத்தேன். வடிவான தமிழில் எழுதியிருந்தேன். அதையும் கைதட்டித்தான் ஏற்றார்கள். கடையை விட்டு வெளியே வரும்போது ஒரு மீன்காரன் என் தோளில் இடிபட்டு மன்னிப்புக் கேட்டான். இடித்தது நான்.

வியாழக்கிழமை அக்கா வந்தார். குவெஸ்தூராவுக்குப் போகிறேன், பெர்மெஸ்ஸோ புதுப்பிக்க வேண்டும் என்று சொன்னாராம். பொலிஸ் கந்தோர், வதிவிட அனுமதி என்கிற அந்த இரண்டு சொல்லுக்கும் எந்தச் சிஞ்ஞோராவும் மறு கேள்வி கேட்கமாட்டா. வெளியூருக்குப் போகிறமாதிரிச் சேலை உடுத்திருந்தார். எனக்குப் பக்கத்தில் கதிரை இல்லை. அறை முழுக்க ஒருமுறை பார்த்தேன். பிறகு எழும்பினேன்.

"இண்டையிலிருந்து எங்கட தீவுக்கு இவதான் பிரதிநிதி."

"எப்பவாம் தேர்தல் வைச்சனியள்?" என்றார் கராம்புக்காரர்.

அக்கா என் குட்டிக் கதிரையில் இருந்தார். "மூண்டு வீடு. ஒண்டு நான். ஒண்டு இவன். மற்றது காது கேளாத ஐயா. அவரை வரேக்கை படியிலை வைச்சுக் கேட்டனான். ரெண்டு தரம் கத்திக் கேட்டன், பக்கத்து இத்தாலியன் வீட்டாரும் ஓம் எண்டவை."

சிரிப்பு எழும்பியது, இந்தமுறை சிரிப்பு வேறு பக்கம் நின்றது. நான் கதவடியில் சுவரோடு நின்றேன். பிள்ளைகள் ஒட்டிய படங்கள் என் முதுகில் கசங்கின.

"அக்கா, தாள் அச்சடிச்சாச்சு," என்றார் தலைவர் மெதுவாக.

"அதைக் கிழிக்க நான் வரேல்லைத் தம்பி. நாள் போயிட்டுது. பெடியள் பாடட்டும். தீவெல்லாம் ஒரு நாளிலை நிக்கட்டும், அதுவும் சரி. எனக்கு ஒண்டுதான். அந்த 'அனைவருக்காகவும்' எண்டதை எடுங்கோ. பேர் ஒவ்வொண்டாச் சொல்லோணும். என்ர மனிசன் அனைவரும் இல்லை."

அவர் குரலை உயர்த்தவில்லை, இறங்குதுறையைப்பற்றியோ அமைதியைப்பற்றியோ ஒன்றும் சொல்லவில்லை.

கராம்புக்காரர் தொண்டையைச் செருமினார். "சரி, பேரைச் சொல்லுங்கோ. ஆனா அந்த முதுகு காட்டுற விசயம்? சுவாமியாருக்கு…"

"சுவாமியாரை வாசலிலை வந்து நிக்கச் சொல்லுங்கோ. அப்ப முகத்தைத்தானே காட்டுவம்."

முதலில் தலைவர்தான் சிரித்தார். பிறகு எல்லாரும். கராம்புக்காரர் சிரித்துச் சிரித்துக் கராம்பை விழுங்கி, தண்ணீர் கேட்டார். சிரிப்பு அடங்கியபோது மற்றொரு தீவின் பிரதிநிதி, இதுவரை அந்த அறையில் வாயே திறந்தறியாதவர், கையை அரைவாசி உயர்த்தினார்.

"அப்பிடியெண்டா எங்கட ஆக்களின்ர பேரும் சொல்லலாமோ? என்ர அண்ணன் ஒராள் இருக்கிறார்."

"ஓ, சொல்லுங்கோ," என்றார் அக்கா. "எங்கை போனவர்?"

அந்த மனிசன் சொல்லத் தொடங்கினார். அவருக்கும் ஓர் அண்ணன் இருந்தது அந்த அறையில் எவருக்கும் தெரியாது. போன வாரம் அவருடைய கடலையும் சேர்த்துத்தான் நான் ஒரே கடல் என்று கட்டியிருந்தேன்.

*

கூட்டம் முடிந்து நாங்கள் இருவரும் போர்கோ வெக்கியோப் பக்கம் நடந்தோம். வெயில் கட்டடங்களின் மேல்மாடிக்கு ஏறிவிட்டிருந்தது. அக்கா வென்றுவிட்டார் என்று சொல்லலாம். சொன்னால் அது இன்னொரு வடிவான வசனமாகிவிடும். ஐந்தாம் நாள் போனது போனதுதான். இனி அந்த நாளுக்கு எங்கள் தீவின் பெயர் இல்லை. வேறு ஒருவர் பிடுங்கியிருந்தால் அக்காவுக்குச் சண்டை பிடிக்க ஓர் ஆள் இருந்திருக்கும்; கொடுத்துவிட்டது நான்.

பேச்சில்லாத நடை எனக்குத் தாங்காது. சிஞ்ஞோராவின் புத்தகத்தைப்பற்றிச் சொன்னேன். பழைய காலத்தில் இதே ஊரில் பாராளுமன்றம் இருந்தது, குட்டித் தீவுகளுக்காக யாரோ ஒருவன் போய் ஆம் சொல்லிவிட்டு வருவான், குளிர்காலக் கடல், கேட்க வழியில்லை, அவன் குற்றவாளியா இல்லையா என்று சிஞ்ஞோரா எழுத முடியாமல் நிற்கிறார் என்று. சொல்லிக்கொண்டு போகும்போதே, நான் அந்தக் கனவானுக்காக வாதாடுகிறேன் என்று எனக்குக் கேட்டது.

அக்கா வெற்றுக் கிரேட்டுகள் அடுக்கியிருந்த மூலையில் நின்றார்.

"பிறகு அந்தத் தீவாருக்கு ஆராவது போய்ச் சொன்னவையோ?"

"என்னத்தை?"

"உங்களுக்காக இப்பிடி ஓம் எண்டு சொல்லிப்போட்டம் எண்டு. கடல் அடங்கினாப் பிறகு."

எனக்குத் தெரியவில்லை. சிஞ்ஞோரா சொன்னதில்லை. நான் கேட்டதுமில்லை. யாரோ ஒருவன் வசந்தகாலத்து முதல் வள்ளத்தில் போய் இறங்கி, கரையில் நின்றவர்களிடம் சொல்லியிருப்பான். அல்லது சொல்லாமல், வரி வாங்க வந்தவனின் முகத்தில்தான் அவர்கள் அறிந்திருப்பார்கள். நான் வியாழன் பின்னேரம் இந்த மூலையைத் தாண்டிப் போனேன். வெள்ளி வேறு வழியால் போனேன். சனியும் அப்படித்தான். ஞாயிறுதான் படியேறினேன். அதுவும் தலைவரின் மனிசி எனக்கு முந்திவிட்ட பிறகு.

அவருடைய வாசலுக்கு வந்துவிட்டோம். கீழ்வீட்டுப் பெண் பல்கனியிலிருந்து கயிற்றில் கூடையை இறக்கி, சந்தைக்காரனிடம் எலுமிச்சம்பழம் கேட்டுக்கொண்டிருந்தாள். அக்கா சேலை முந்தானையை இழுத்துச் செருகிவிட்டு, திறப்பை எடுத்தார்.

"அக்கா, நீங்கள் என்னை மன்னிக்கோணும்."

"மன்னிக்கிறன் எண்டு நான் இப்ப சொன்னா, அதையும் நீ போய் எங்கையாவது எழுதுவாய்."

"எழுதமாட்டன்."

"எழுது. ஆர் வேண்டாமெண்டது." கதவைத் திறந்து ஒரு காலை உள்ளே வைத்தார். "அடுத்த வியாழனும் எனக்குப் பக்கத்திலை வந்து நில். வாறதுக்குக் கேட்டு நிக்காதை. ஆனா அங்கை தேத்தண்ணி குடிக்கிறியளோ எண்டு ஆர் கேட்டாலும், என்னைக் கேக்காமல் எங்கள் ரெண்டு பேருக்குமெண்டு ஓம் சொல்லிப்போடாதை, என்ன?"